நீர் பாய்ச்சியவன் நனைந்த கதை

அவைத் தலைவர் அவர்களே, திரைப்பட அன்பர்களே,

1895 டிசம்பர் 28 அன்று, பாரிஸ் நகரத்து கிராண்ட் கஃபேயில் ஒரு பிராங்கு கட்டணம் செலுத்தி அமர்ந்தவர்களுக்கு திரைப்படக் கலையின் முன்னோடிகளான லூமியர் சகோதரர்கள் காட்டிய பத்துப் படங்களுள் ஒன்று, ஒரு தோட்டக்காரர் நனைவதைப் பற்றியது. தொழிற்சாலையிலிருந்து ஆட்கள் வெளியேறும் காட்சியைப் போல நடப்பதைப் பதிவு செய்த படமன்று இது. நடிக்கச் சொல்லி எடுத்த கதை. செடிகளுக்கு நீர் பாய்ச்சுபவரின் பின்னால் வரும் சிறுவன் ரப்பர் குழாயை மிதிக்கிறான். நீர் நின்றதன் காரணம் அறியாத தோட்டக்காரர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கும்போது காலை எடுத்துவிடுகிறான். முகமெல்லாம் தண்ணீர்! இத்தனையும் ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிடுகிறது.

இந்த நகைச்சுவையின் உயிர் தண்ணீரில் இல்லை என்பதே என் கருத்து. தோட்டக்காரருக்குத் தெரியாத ஒன்று நமக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கிறது. அந்தச் சில நொடிகளின் காத்திருப்பில்தான் சிரிப்பு விளைகிறது. அதன்பின் தப்பியோடும் சிறுவனைப் பிடித்த இடத்திலேயே அடிக்காமல், கேமராவுக்கு முன்னால் இழுத்துவந்தல்லவா அடிக்கிறார்! அசையாத கேமராவின் எல்லைக்குள் தண்டனையும் நிகழ்ந்தாக வேண்டும் என்று அப்போதே அறிந்திருக்கிறார்கள்.

பின்னாளில் பலர் துரத்தலையும் விழுதலையும் பெருக்கினார்களே தவிர, யாருக்கு எது தெரியும் என்ற இந்த அறிவுக் கணக்கில் கைவைத்தவர்கள் குறைவு. அமெரிக்க மௌனப்பட நகைச்சுவைக் கலைஞர் பஸ்டர் கீட்டன் அதைச் செய்தார். 1920இல் வெளிவந்த 'ஒன் வீக்' என்ற இரண்டு ரீல் குறும்படத்தில், புதுமணத் தம்பதியர் பெட்டிகளில் வந்த பாகங்களைப் பூட்டித் தாமே வீடு கட்டுகிறார்கள். மணப்பெண்ணை அடைய முடியாத ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். நாம் அதைப் பார்க்கிறோம், அவர்கள் பார்க்கவில்லை. சுவர்கள் கோணலாக எழும்ப எழும்ப நமக்குச் சிரிப்பு வருகிறது. இதுவரை பழைய விதிதான்.

முடிவில் அந்த வீடு ரயில் தண்டவாளத்தில் சிக்கிக்கொள்கிறது. ரயில் விரைந்து வருகிறது. தம்பதியரோடு நாமும் மோதலை எதிர்பார்க்கிறோம். ஆனால் அது பக்கத்துத் தண்டவாளத்தில் கடந்துபோகிறது. அவர்களும் நாமும் பெருமூச்சு விடும் வேளையில், எதிர்த்திசையிலிருந்து வரும் மற்றொரு ரயில் வீட்டைத் தூள்தூளாக்குகிறது. முதல் ரயில் எந்தத் தண்டவாளத்தில் வருகிறது என்பதைக் கேமராவின் கோணமே மறைத்துவிட்டது. எல்லாம் தெரிந்தவர்களாய்ச் சிரித்துக்கொண்டிருந்த நம்மையும் கீட்டன் அங்கே தோட்டக்காரராக்கிவிடுகிறார்.