கலைஞரைப் படமெடுப்பவரின் காலக்கணக்கு

அவையோருக்கு வணக்கம்.

நாகசுரமும் தவிலும் கேட்டு வளர்ந்த இக்கும்பகோணத்தில், கலைஞர்களைப் பற்றிய ஆவணப்படங்களையே வாழ்நாள் தொழிலாகக் கொள்பவரைப் பற்றிப் பேச விழைகிறேன். அத்தொழிலின் பெருஞ்சிக்கல் பணம் என்பார்கள். பணமும் சிக்கல்தான், ஆயினும், கலை ஒருவரது உடலில் நிறைந்திருக்கும் காலத்திலேயே அவரிடம் போய்ச் சேர்வது அதனினும் அரிது.

வங்கத் திரைப்பட இயக்குநர் சத்யஜித் ராயையே எடுத்துக்கொள்வோம். தஞ்சை அரசவையில் இசையும் நடனமும் வளர்த்த பாப்பம்மாளின் வழிவந்த பரதநாட்டியக் கலைஞர் பாலசரசுவதி, அந்நடன முறையை வகுத்த சகோதரர்களான தஞ்சை நால்வரின் மரபினரான கந்தப்பப் பிள்ளையிடம் பயின்றவர். அவருடைய ஆட்டத்தைக் கொல்கத்தாவில் ராய் கண்டது 1935இல், தமது பதினான்காம் வயதில். ‘பாலா’ என்ற ஆவணப்படத்தை அவர் எடுத்ததோ 1976இல். அப்போது அம்மையாருக்கு 58 வயது. கடற்கரையில் ‘கிருஷ்ணா நீ பேகனே’ பாடலுக்கு அவர் அபிநயம் பிடிக்கையில், காற்று சேலையை ஓயாமல் அலைக்கழிக்கிறது. அந்த இடத்தேர்வு எனக்கு இன்றளவும் உவப்பானதன்று. நான்கு சுவர்களுக்குள் ஒரு கூடமே அவ்வபிநயத்துக்குப் போதும். ஆனாலும், காலந்தாழ்ந்து எடுக்கப்பட்ட அப்படமும் இல்லாதிருந்தால் நாம் இழந்திருக்கக்கூடியது கொஞ்சமல்ல.

1956இல் மறைந்த நாகசுர மேதை திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை, தோடி ராகத்தை மணிக்கணக்கில் விரித்தவர். பழைய இசைத்தட்டின் ஒரு பக்கத்திலோ மூன்று நிமிடச் சொச்சமே அடங்கும். பெரும்பாலும் அத்தகைய சிறு பதிவுகளிலிருந்தே அவரது கச்சேரியை ஊகிக்க வேண்டியவர்களாக நாம் இருக்கிறோம்.

ஆவணப்பட இயக்குநர் அம்ஷன் குமார் எடுத்துக்கொண்ட பணி இன்னும் கடினமானது. 1975இல் மறைந்த தவில் மேதை யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தியைப் பற்றிய அவருடைய படம் வெளிவந்தது 2015இல், அதாவது நாற்பது ஆண்டுகள் கழித்து. கேட்டவர்களின் நினைவுகளையும் எஞ்சிய ஒலிப்பதிவுகளையும் நம்பியே அத்தகைய படத்தைக் கட்ட வேண்டும். கலை, பண்பாட்டுப் பிரிவில் அதற்குத் தேசிய விருது கிடைத்தது தகும்.

கலைஞர் உயிரோடிருக்கும்போதே போய்ச் சேர்ந்தவருக்கும் வேலை எளிதாகிவிடுவதில்லை. சுவாமி வீதியுலாவில் மல்லாரி என்னும் ஊர்வல இசை ஒலிக்கும்போது ஒலிவாங்கியைத் தவிலுக்கு அருகில் வைத்தால் நாகசுரம் அமுங்கும். தள்ளி வைத்தால் ஜெனரேட்டர் இரைச்சல் முந்திக்கொள்ளும். தவில்காரரின் விரற்கூடு மாட்டிய வலக்கை விரல்களையும், தவிலின் இடமுகமான தொப்பியில் விழும் கழியையும் ஒரே சட்டகத்தில் கொள்ளாமல் மாறிமாறி வெட்டிக் காட்டினால், இரு கைகளுக்கும் இடையே நடக்கும் கணக்கு பார்ப்பவருக்குப் புரியாது. தவில் மட்டும் தனித்து ஒலிக்கும் தனியாவர்த்தனம் முழுவதையும் வெட்டாமல் விடும் துணிவு சிலருக்கே உண்டு. பெரும்பாலான படங்களில் விரல் சூடேறும் நேரத்தில் யாரோ ஒரு பிரமுகர் தோன்றிப் புகழத் தொடங்கிவிடுகிறார்.

இத்தகைய படங்களைத் தயாரிக்க முன்பெல்லாம் மத்திய அரசின் திரைப்படப் பிரிவும் தூர்தர்ஷனும் இருந்தன. 1948இல் தொடங்கப்பட்ட திரைப்படப் பிரிவின் படங்கள், திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன்பாகக் கட்டாயமாகத் திரையிடப்பட்டன. இன்று பெரும்பாலும் அறக்கட்டளையோ, நண்பர்களோ, கைப்பணமோதான்.

ஆகவே இளைஞர்களுக்கு நான் சொல்வது இதுதான். நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தைக் கடைந்து நாகசுரம் செய்பவரையோ, நரசிம்ம ஜெயந்தியன்று மெலட்டூரின் பாகவத மேளா நாட்டிய நாடகத்தில் பெண் வேடமிடும் ஆடவரையோ படமெடுக்கச் செல்பவர், நேர்காணலுக்கு முன் அவர்களுடைய வேலையை முதலிலிருந்து முடிவுவரை ஒருமுறை முழுமையாகப் பதிவு செய்யட்டும். படத்தொகுப்பில் ஒதுக்கப்படும் பகுதிகளையும் அழிக்காமல், ஒரு பிரதியைக் கலைஞரின் வீட்டிலேயே கொடுத்து வையுங்கள். அங்கே கற்றுக்கொள்ளும் பிள்ளைக்கு, நாம் வேண்டாமென்று வெட்டிய பகுதியே பாடமாக அமையக்கூடும்.