கீழ்ப்பாதி

நேயர்களுக்கு வணக்கம்.

நான் ஈய எழுத்துக் கோத்துப் பிழைத்தவன். இருபத்தெட்டு வருஷம் கம்பாசிட்டர் வேலை. ஸ்டிக் என்கிற கோக்கும் சட்டத்தை இடது கையில் பிடித்துக்கொண்டு, கேஸ் என்கிற எழுத்துப் பெட்டியிலிருந்து ஒவ்வோர் எழுத்தாகப் பொறுக்கி வரியாக்க வேண்டும். முகூர்த்த மாதங்களில் கல்யாணப் பத்திரிகை குவியும்போது 'ம்' தீர்ந்துபோகும். அச்சடித்து முடிந்ததைப் பிரித்து, எழுத்தை மறுபடி கேஸில் போட்டால்தான் அடுத்த வேலை ஓடும். அதனால்தானோ என்னவோ, அயர்லாந்தின் புரட்சியாளர் ஜேம்ஸ் கொனோலியின் கதையைப் படித்தபோது என் மனசு போய் நின்ற இடம் போர்க்களம் இல்லை, ஓர் அச்சுக்கூடம்.

1916 ஏப்ரல் 23, ஈஸ்டர் ஞாயிற்றுக்கிழமை. டப்ளினில் லிஃபி ஆற்றங்கரையில் லிபர்ட்டி ஹால் என்ற கட்டடம். போக்குவரத்துத் தொழிலாளர் சங்கத்தின் தலைமையகம் அது. பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்து மறுநாள் எழுச்சி. அதற்கான குடியரசுப் பிரகடனத்தை உள்ளே ரகசியமாக அச்சடிக்கிறார்கள். எழுத்துக் கோப்பவர்கள் இருவர், மெஷின் ஓட்டுபவர் ஒருவர். மெஷினோ பழையது. எழுத்து போதவில்லை, வேறோர் அச்சகத்திலிருந்து இரவல் வாங்கி வந்தார்கள். அப்படியும் ஆங்கில 'ஈ' தீர்ந்துவிட்டது. வேறு வடிவ 'ஈ'க்களைக் கலந்து சேர்த்தார்கள். தலைப்பு எழுத்து ஒன்றில் 'எஃப்'க்கு அடியில் அரக்கை ஒட்டி 'ஈ' ஆக்கினார்கள் என்பார்கள். முழுப் பக்கத்தையும் ஒரே நேரத்தில் கோக்க முடியாததால் மேல்பாதியை முதலில் அடித்து, எழுத்தைப் பிரித்து, அதே எழுத்தால் கீழ்ப்பாதியைக் கோத்து, அதே தாள்களை மறுபடி மெஷினில் விட்டார்கள். நள்ளிரவு தாண்டியபோது சுமார் ஆயிரம் பிரதிகள் கிடைத்தன.

அந்தத் தாளின் படத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்திருக்கிறேன். இரண்டு பாதிகளுக்கும் நடுவில் இடைவெளி சீராக இல்லை. மை ஒரு பக்கம் அழுத்தம், ஒரு பக்கம் மங்கல். அவசரத்தில் வேலை செய்த கை அதில் தெரிகிறது.

அந்த வேலையைச் செய்யச் சொன்னவர்களில் முக்கியமானவர் கொனோலி. 1868-இல் ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரில் கௌகேட் சேரியில் பிறந்தார். பெற்றோர் பிழைக்கப் போன ஐரிஷ்காரர்கள், தகப்பனார் நகராட்சி வண்டி ஓட்டியவர். பையன் பத்துப் பதினோரு வயதிலேயே ஒரு பத்திரிகை அச்சகத்தில் உருளைகளில் மை துடைக்கும் எடுபிடியாகச் சேர்ந்தான். இதைப் படித்தபோது எனக்கு அவர் சொந்தக்காரர் மாதிரி ஆகிவிட்டார். பதினான்கு வயதில் வயிற்றுப்பாட்டுக்காக பிரிட்டிஷ் ராணுவத்தில் சேர்ந்தார். பின்னாளில் எந்தப் படையை எதிர்த்துத் துப்பாக்கி எடுத்தாரோ அதே படை.

1896-இல் டப்ளினுக்கு வந்து சோஷலிஸ்ட் குடியரசுக் கட்சி தொடங்கினார். மறு வருஷமே எழுதினார்: நாளைக்கே ஆங்கிலப் படையை வெளியேற்றி டப்ளின் கோட்டையில் பச்சைக்கொடி ஏற்றினாலும், சோஷலிஸ்ட் குடியரசை அமைக்காவிட்டால் பாடுபட்டதெல்லாம் வீண், நிலச்சுவான்தார்கள் வழியாகவும் முதலாளிகள் வழியாகவும் இங்கிலாந்தே உங்களை ஆண்டுகொண்டிருக்கும் என்று. கொடி மாறுவது வேறு, வாழ்க்கை மாறுவது வேறு. இதைத்தான் அவர் கடைசிவரை சொன்னார். பிறகு ஏழெட்டு வருஷம் அமெரிக்காவில் கழித்து, 1910-இல் திரும்பினார்.

அவர் ஏன் அப்படிச் சொன்னார் என்று புரிய அன்றைய டப்ளினைப் பார்க்க வேண்டும். பணக்காரர்கள் விட்டுப்போன மாளிகைகளை அறை அறையாகப் பிரித்து வாடகைக்கு விட்டிருந்தார்கள். சுமார் 20,000 குடும்பங்களுக்கு ஒற்றை அறைதான் வீடு. ஹென்ரியெட்டா தெருவில் ஒரே வீட்டில் 104 பேர் இருந்ததாக 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு சொல்கிறது. முதல் மாடிக் கூரையில் பூவேலைப்பாடு, அதற்குக் கீழே ஈரச் சுவரோடு ஒட்டிப் படுத்திருக்கும் பிள்ளைகள்.

1913 ஆகஸ்டில் டிராம் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். டிராம் கம்பெனி முதலாளி வில்லியம் மார்ட்டின் மர்பி மற்ற முதலாளிகளையும் கூட்டிக்கொண்டு, சங்கத்தில் இருக்கமாட்டேன் என்று கையெழுத்துப் போடாதவர்களுக்குக் கதவை அடைத்தார். சுமார் 20,000 தொழிலாளர்கள் தெருவில் நின்றார்கள். ஆகஸ்ட் 31-இல் போலீஸ் தடியடி. ஜிம் லார்க்கினும் கொனோலியும் தலைமை தாங்கினார்கள். சிறைக்குப் போன கொனோலி அங்கே உண்ணாவிரதம் இருந்து வெளியே வந்தார். 1914 தொடக்கத்தில் பசி தொழிலாளர்களைத் தோற்கடித்தது. ஆனால் தடியடிக்குப் பதிலாக அவர்கள் கட்டிய குடிமக்கள் படை மிஞ்சியது. பெண்களும் அதில் சேர்ந்தார்கள். கான்ஸ்டன்ஸ் மார்க்கிவிச் அதில் அதிகாரி.

உலகப் போர் வந்தபோது லிபர்ட்டி ஹால் முகப்பில் ஒரு பதாகை தொங்கியது: 'நாங்கள் அரசருக்கும் ஊழியம் செய்வதில்லை, கெய்சருக்கும் இல்லை, அயர்லாந்துக்கே.' கெய்சர் என்றால் ஜெர்மன் சக்கரவர்த்தி.

ஏப்ரல் 24 பகலில் தபால் நிலையத்தைக் கைப்பற்றி, அதன் முன்னால் எழுச்சித் தலைவர்களில் ஒருவரான பேட்ரிக் பியர்ஸ் பிரகடனத்தை வாசித்தார். டப்ளின் படைகளுக்குக் கொனோலி தளபதி. வியாழக்கிழமை கணுக்காலில் குண்டு பாய்ந்தது. கட்டிலில் படுத்தபடியே கட்டளையிட்டார். சனிக்கிழமை சரணடைந்தார்கள்.

மே 3-இலிருந்து கில்மைன்ஹம் சிறையில் தலைவர்களைச் சுட ஆரம்பித்தார்கள். கொனோலி டப்ளின் கோட்டையில் புண்ணோடு கிடந்தார். மே 11 நள்ளிரவில் மனைவி லில்லியையும் மகள் நோராவையும் அழைத்து வந்தார்கள். லில்லி கதறினார். 'எவ்வளவு நிறைவான வாழ்க்கை லில்லி, இது நல்ல முடிவுதானே' என்றார் அவர். விடிந்ததும் ஆம்புலன்சில் கொண்டுபோனார்கள். மற்றவர்கள் சுடப்பட்டது கல்லுடைக்கும் முற்றத்தின் அந்தக் கோடியில். இவரால் நடக்க முடியாததால் வாசலை ஒட்டிய இந்தக் கோடியிலேயே நாற்காலியில் உட்காரவைத்துச் சுட்டார்கள். அதனால் இன்றைக்கும் அந்த முற்றத்தில் இரண்டு சிலுவைகள்.

நாற்காலியில் உட்காரவைத்துச் சுட்டார்கள் என்ற சேதி, எழுச்சியின்போது முகம் சுளித்த ஜனங்களைக்கூடத் திருப்பிவிட்டது. 1918 தேர்தலில் விடுதலை கேட்ட ஷின் ஃபெயின் கட்சி 105-இல் 73 இடங்களைப் பிடித்தது. அதற்குப் பின்பு அயர்லாந்து வடக்கு, தெற்கு என்று துண்டான பிரிவினையைக் கொனோலி 1914-லேயே எதிர்த்து எழுதியிருந்தார். வடக்கிலும் தெற்கிலும் பிற்போக்கு தலைவிரித்தாடும் என்றார். அப்படியே ஆயிற்று என்பது என் எண்ணம்.

நம் ஊருக்கும் ஒரு தொடர்பு உண்டு. 1913-இல் சட்டம் படிக்க டப்ளின் போன ஓர் இந்திய மாணவர், 1916-இல் திரும்பி வந்து மதராஸ் உயர்நீதிமன்றத்தில் வக்கீலானார். ரயில்வே தொழிலாளர் சங்கம் கட்டினார், 1937-இல் ராஜாஜி மந்திரிசபையில் தொழிலாளர் அமைச்சரானார், பின்னால் குடியரசுத் தலைவருமானார். வி.வி. கிரிதான். கதவடைப்பையும் எழுச்சியையும் நடந்த ஊரிலேயே இருந்து பார்த்தவர்.

மறுபடி அச்சுக்கூடத்துக்கு வருகிறேன். எழுச்சி வாரத்தில் பிரிட்டிஷ் கப்பல் ஹெல்கா லிபர்ட்டி ஹாலைப் பீரங்கியால் சுட்டது. கட்டடத்தில் போராளிகள் யாரும் இல்லை. பிறகு உள்ளே புகுந்த சிப்பாய்கள் அந்தப் பழைய மெஷினைக் கண்டார்கள். கடைசியாக அடித்த கீழ்ப்பாதி பிரிக்கப்படாமல் அப்படியே அதில் இருந்தது. எல்லாக் குடிமக்களுக்கும் சம உரிமை, சம வாய்ப்பு, தேசத்தின் குழந்தைகள் எல்லோரையும் சமமாகப் பேணுதல், ஆண் பெண் அனைவரின் வாக்கால் அமையும் அரசு. அடியில் ஏழு பெயர்கள், அதில் ஒன்று ஜேம்ஸ் கொனோலி. எல்லாம் அந்தக் கீழ்ப்பாதியில்தான். சிப்பாய்கள் மை தடவி, ஞாபகார்த்தமாகச் சில பிரதிகள் இழுத்துக்கொண்டு போனார்கள்.

வணக்கம்.