அந்தக் குச்சியை உரசினது யார்?

(பட்டிமன்றத் தலைப்பு: பிரிட்டனில் இடதுசாரி அரசியலை வளர்த்தது சீர்திருத்தவாதிகளின் பேனாவா, தொழிலாளிகளின் போராட்டமா? ‘போராட்டமே’ அணியின் உரை.)

நடுவர் அவர்களே, இரு அணித் தோழர்களே, அவையோரே, வணக்கம்.

பிரிட்டனோட ஆரம்பகால சோஷலிஸ்ட் ராபர்ட் ஓவன்ல ஆரம்பிச்சு வரிசையா வரணும், அதுதான் முறை. ஆனா எனக்கு முன்னாடி பேசின எதிரணி அம்மா ஒரு வார்த்தை சொல்லிட்டு உட்கார்ந்தாங்க. நீங்களும் கை தட்டினீங்க. என்ன சொன்னாங்க? “பெட்டிக்குள்ள எத்தனை தீக்குச்சி இருந்தா என்ன? உரச ஒரு கை இல்லைன்னா அது வெறும் மரக்குச்சி. லண்டன் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பொண்ணுங்க குச்சி. உரசின கை அன்னி பெசன்ட்.”

அம்மா, உவமை அழகா இருக்கு. ஆனா எந்தக் குச்சியைப் பத்திப் பேசறோம்னு பார்க்காமச் சொல்லிட்டீங்க. இன்னைக்கு நம்ம வீட்டுல இருக்கிறது சிவகாசி, கோவில்பட்டிப் பெட்டி. குச்சித் தலையில ஒரு மருந்து, பெட்டியோட பக்கத்துல சிவப்புப் பாஸ்பரஸ் கலந்த இன்னொரு மருந்து. ரெண்டும் சேர்ந்தாதான் தீ. 1888-ல லண்டன் கிழக்குப் பகுதியில, போ என்கிற இடத்துல, பிரையன்ட் அண்ட் மே கம்பெனியில அந்தப் பொண்ணுங்க மலிவு விலைக்குச் செஞ்சு கொடுத்த குச்சி வேற. தலையிலேயே வெள்ளைப் பாஸ்பரஸ். சுவர்ல தேய்ச்சாலும் எரியும், செருப்புல தேய்ச்சாலும் எரியும். பையில கிடந்து ஒண்ணோட ஒண்ணு உராய்ஞ்சாலும் எரியும். அதுக்குன்னு தனியா ஒரு கை வேண்டியதில்லை அம்மா. உராய்வு போதும்.

அந்த உராய்வைக் கொடுத்தது யார்? அதைத்தான் சொல்லப் போறேன்.

16 வயசுப் பொண்ணு, வாரக் கூலி 4 ஷில்லிங். ஒரு ஷில்லிங்குக்கு 12 பென்ஸ். வாரத்துக்கு ஆறு நாள் வேலை, அப்போ ஒரு நாளைக்கு 8 பென்ஸ். கோடைக்காலத்துல காலை ஆறரைக்கு உள்ளே போகணும், சாயங்காலம் ஆறு வரைக்கும் நிக்கணும். கால் அழுக்கா இருந்தா 3 பென்ஸ் அபராதம். மேசைக்குக் கீழே குப்பை கிடந்தா 3 பென்ஸ். சில பிரிவுகள்ல பேசினாலே 3 பென்ஸ். எரிஞ்சுபோன குச்சி மேசைமேல கிடந்தா ஒரு ஷில்லிங், வாரக் கூலியில நாலுல ஒரு பங்கு! தாமதமா வந்தா அரை நாள் கதவு சாத்திடுவாங்க, அதுக்குமேல 8 பென்ஸ்ல 5 பென்ஸ் போயிடும். ஒரு பொண்ணு விரல் அறுபடாம இருக்கக் கையை இழுத்துக்கிட்டா, மெஷின்ல பட்டை சுத்திக்கிச்சு. ஒரு ஷில்லிங் பிடிச்சுக்கிட்டு என்ன சொன்னாங்க தெரியுமா? “மெஷினைப் பாரு, விரலைப் பத்திக் கவலைப்படாதே.” இன்னொரு பொண்ணு சொன்னபடியே மெஷினைப் பார்த்தா. விரல் போச்சு. அவளுக்கு ஒரு பைசா உதவி இல்லை.

பெட்டி ஒட்டுற வேலை வீடுகளுக்குப் போகும். ஒரு குரோஸ், அதாவது 144 பெட்டி ஒட்டினா இரண்டேகால் பென்ஸ். பசையும் கயிறும் ஒட்டுறவங்க சொந்தக் காசு. அதே கம்பெனி பங்குதாரர்களுக்குக் கொடுத்த லாபம் 20 சதவீதத்துக்கு மேல.

அந்த வெள்ளைப் பாஸ்பரஸ் இன்னொண்ணும் செய்யும். மருந்து பட்ட கையோட, புகை சூழ்ந்த அறையில ரொட்டியைச் சாப்பிடுவாங்க. சொத்தைப் பல் இருந்தா அது வழியா விஷம் தாடை எலும்புக்குப் போகும். முதல்ல பல்வலி, அப்புறம் கன்னம் வீங்கும், அப்புறம் எலும்பே செத்து அழுகும். சீழ் நாத்தத்துல பக்கத்துல யாரும் உட்கார முடியாது. தாடையை வெட்டி எடுத்தாதான் உயிர் தங்கும்.

இதையெல்லாம் எழுதினது யார்? அன்னி பெசன்ட் அம்மையார்தான். நான் மறைக்கல. 1888 ஜூன் மாசம், படிப்படியான சீர்திருத்தத்தால சோஷலிசம் கொண்டுவர நினைச்ச படிச்சவங்களோட ஃபேபியன் சங்கக் கூட்டத்துல, பெண் தொழிலாளிங்களுக்காகப் பாடுபட்ட கிளமென்டினா பிளாக் பேசினாங்க, பேச்சு இந்தக் கம்பெனி மேல திரும்புச்சு. பெசன்ட் நேராப் போய்ப் பொண்ணுங்களை விசாரிச்சு, ஜூன் 23-ஆம் தேதி ‘தி லிங்க்’ பத்திரிகையில ‘லண்டனில் வெள்ளை அடிமைத்தனம்’னு எழுதினாங்க. துணிச்சலான எழுத்து. ஆனா அதுல அவங்க கேட்டது என்ன? வேலை நிறுத்தமா? இல்லை. அந்தக் கம்பெனி தீப்பெட்டியை வாங்காதீங்கன்னு வாங்குறவங்களைக் கேட்டாங்க. அவ்வளவுதான்.

இனிமேல்தான் கதை. கொஞ்சம் மெதுவாச் சொல்றேன்.

கம்பெனிக்குக் கோபம். அவதூறு வழக்குப் போடுவோம்னு மிரட்டல். தொழிற்சாலைக்குள்ள ஒரு காகிதம் வருது. “பத்திரிகையில வந்தது பொய், நாங்க நல்லாத்தான் இருக்கோம்”, இதுல கையெழுத்துப் போடு! எதிர்ல நிக்கிறது யார்? நாளைக்கு 8 பென்ஸ் வாங்குற பொண்ணு. வேலை போனா அடுத்த வார வாடகை இல்லை. கையெழுத்துப் போட்டா என்ன நஷ்டம் அவளுக்கு? ஒண்ணுமில்லை. போட மாட்டேன்னுட்டாங்க. ஒரு பொண்ணை வேலையை விட்டு அனுப்பினாங்க. ஜூலை முதல் வாரம், சுமார் 1,400 பேர் வெளியே வந்துட்டாங்க.

அன்னி பெசன்டுக்கு இது தெரியுமா? தெரியாது! அவங்க சொல்லல, திட்டம் போடல. அவங்க பாட்டுக்கு ஃப்ளீட் ஸ்ட்ரீட் பக்கம் பூவெரி தெருவில பத்திரிகை ஆபீஸ்ல இருக்காங்க. தெருவில சத்தம். எட்டிப் பார்த்தா சுமார் 200 பொண்ணுங்க! போவிலிருந்து லண்டன் நடுப்பகுதி வரைக்கும் நடந்தே வந்திருக்காங்க. இத்தனை பேரோட பேச முடியாது, மூணு பேர் உள்ளே வாங்கன்னாங்க. மூணு பேர் போனாங்க. போய் என்ன கேட்டாங்க? “எங்களைக் காப்பாத்துங்க”ன்னா? “நீங்க எழுதினதாலதான் எங்க வேலை போச்சு”ன்னா? இல்லை அய்யா. ஒரு பொண்ணு சொன்னா: “நீங்க எங்களுக்காகப் பேசினீங்க. நாங்க உங்களைக் கைவிட மாட்டோம்.”

நடுவர் அவர்களே, இன்னொரு தடவை சொல்றேன். “நீங்க எங்களுக்காகப் பேசினீங்க. நாங்க உங்களைக் கைவிட மாட்டோம்.” யார் யாரைக் காப்பாத்தறாங்க? பெசன்ட் படிச்சவங்க, பத்திரிகை நடத்துறவங்க, பேர் பெற்ற பேச்சாளர். இவங்க 4 ஷில்லிங் பொண்ணுங்க. அன்னைக்கு அந்த ஆபீஸ்ல பேனாவுக்குக் காவல் நின்னது வேலை நிறுத்தம்! அபராதம் போட்ட ஃபோர்மேன் உரசினார். பொய்க் கையெழுத்துக் கேட்ட நிர்வாகம் உரசிச்சு. வெள்ளைப் பாஸ்பரஸ் பத்திக்கிச்சு அம்மா.

பெசன்ட் அப்புறம் செஞ்ச வேலை பெரிய வேலை. நிதி திரட்டினாங்க, கணக்கு வெச்சாங்க, பொண்ணுங்களை நாடாளுமன்றம் வரைக்கும் கூட்டிப் போனாங்க, பொண்ணுங்களோட தொழிற்சங்கத்துக்குச் செயலாளரா இருந்தாங்க. ரெண்டு வாரத்துல கம்பெனி இறங்கி வந்தது. அபராதம் ரத்து. பெயின்ட், பிரஷ்ஷுக்குன்னு கூலியில பிடிச்சது ரத்து. சாப்பிடத் தனி அறை. அந்தத் தனி அறையோட மதிப்பு, தாடையைப் பத்தி இப்பக் கேட்ட உங்களுக்குத் தெரியும். பாஸ்பரஸ் மட்டும் உடனே போகல. 1908-ல சட்டம் வந்து, 1910-லதான் தடை நடைமுறைக்கு வந்தது.

பேனா வர்றதுக்கு முன்னாடி இவங்க சும்மா இருந்தாங்களா? 1871-ல தீப்பெட்டிக்கு வரி போடப் பார்த்தார் நிதியமைச்சர் ராபர்ட் லோ. கிழக்கு லண்டன் தீப்பெட்டித் தொழிலாளிங்க நாடாளுமன்றத்தை நோக்கி ஊர்வலம் போனாங்க. வரியை வாபஸ் வாங்கினாங்க. முதலாளிகளுக்கும் அந்த வரி பிடிக்கலைங்கிறது உண்மைதான். ஆனா நடந்த கால் இவங்க கால். அன்னைக்கு அன்னி பெசன்ட் ஒரு பாதிரியாரின் மனைவி, அரசியலுக்கே வரல.

அடுத்த வருஷம், 1889. கிழக்கு லண்டன் பெக்டன் கேஸ் தொழிற்சாலையில, அங்கே வேலை செஞ்ச வில் தார்ன் சங்கம் கட்டி, 12 மணி நேர வேலையை 8 மணி நேரமாக்கினார். அவருக்கு எழுத்துப் படிப்பில உதவினது கார்ல் மார்க்ஸ் மகள் எலினோர். ஆகஸ்டுல துறைமுகத் தொழிலாளிங்க மணிக்கு 6 பென்ஸ் கேட்டு இறங்கி, அஞ்சு வாரம் நின்னு வாங்கினாங்க. பத்து வயசுலேயே சுரங்க வேலைக்குப் போன தொழிலாளர் தலைவர் கீர் ஹார்டி, 1892-ல வெஸ்ட் ஹாம் தெற்குத் தொகுதியில ஜெயிச்சு நாடாளுமன்றத்துக்குள்ள நுழைஞ்சார். கேஸ் தொழிலாளிங்க நிறைஞ்ச பகுதி அது.

1900 பிப்ரவரி 27, ஃபாரிங்டன் தெரு, மெமோரியல் ஹால். தொழிலாளர் பிரதிநிதித்துவக் குழு பிறக்குது. அதுதான் பின்னாடி லேபர் கட்சி. அங்கே ஃபேபியன் சங்கத்தோட உறுப்பினர் கணக்கு 861. தொழிற்சங்கங்களோட கணக்கு 5 லட்சத்துக்கும் மேல! அடுத்த வருஷமே டாஃப் வேல் ரயில் கம்பெனி வழக்குல தீர்ப்பு. வேலை நிறுத்தத்தால வந்த நஷ்டத்தை ரயில்வே சங்கம் கட்டணும்னு தீர்ப்பாகி, சங்கம் கம்பெனிக்குக் கட்டினது 23,000 பவுண்டு. அப்போதான் மத்த சங்கங்களும் நாடாளுமன்றத்துல நம்ம ஆள் வேணும்னு வரிசையா உள்ளே வந்தாங்க. 1906 தேர்தல்ல 29 இடம்.

இன்னும் கணக்கு இருக்கு. மணி அடிச்சுட்டாங்க, வேண்டாம். ஒரே ஒரு ஆள் பேர் சொல்லிட்டு உட்கார்ந்திடறேன்.

எதிரணி அம்மா அன்னி பெசன்ட் பேரை எத்தனை தடவை சொன்னாங்க? சொல்லட்டும். அந்த அம்மையார் நம்ம அடையாறுல வந்து வாழ்ந்தாங்க, 1917-ல காங்கிரசுக்கே தலைமை தாங்கினாங்க. பெசன்ட் நகர்னு நாம தினமும் சொல்றோம். பஸ்ல எழுதியிருக்கு. எனக்கு அதுல சந்தோஷம்தான்.

சாரா சாப்மன். அந்தத் தொழிற்சாலையில வேலை செஞ்ச பொண்ணு. 1888 போராட்டக் குழுவில இருந்தாங்க. சங்கத்தோட பிரதிநிதியா, பிரிட்டன் தொழிற்சங்கங்களோட பொது மாநாடான தொழிற்சங்கக் காங்கிரசுக்குப் போனாங்க. அப்புறம் கல்யாணம், பிள்ளைங்க, அதே கிழக்கு லண்டன். 1945 ஜூலையில லேபர் கட்சி 393 இடத்தோட ஆட்சிக்கு வந்தப்போ அந்த அம்மா உயிரோட இருந்தாங்க. அந்த நவம்பர்லயே போயிட்டாங்க. வயசு 83. மேனர் பார்க் இடுகாட்டுல, பேர் எழுதின கல் இல்லாம, முன்பின் தெரியாதவங்களோட ஒரே குழியில வெச்சாங்க. எழுபது வருஷத்துக்கும் மேல கழிச்சு, அவங்க வம்சத்துப் பொண்ணு ஒருத்தர் தேடிக் கண்டுபிடிக்கிற வரைக்கும், அது யார் குழின்னு யாருக்கும் தெரியாது.

சாரா சாப்மன். வீட்டுக்குப் போற வழியில பெசன்ட் நகர் பஸ்ஸைப் பார்த்தா, இந்தப் பேரையும் ஒரு தடவை சொல்லிப் பாருங்க. வணக்கம்.