அந்த நாற்காலியில் யார் உட்காருவது?

நடுவர் அவர்களே, பண்டைய வரலாற்று ஆவணப்படங்களில் அறிஞர்கள் தலைகாட்டுவதால் வரலாறு வளர்கிறதா, மலிவாகிறதா என்பது தலைப்பு. மலிவாகிறது என்று அடித்துப் பேசிவிட்டுப் போனார் எதிரணி நண்பர். அறிஞர் மணிக்கணக்கில் பேசுவாராம், எடிட்டர் வெட்டி ஒரு நிமிடம் ஆக்குவாராம், ‘இருக்கலாம்’ என்று சொன்னதெல்லாம் ‘இருந்தது’ ஆகிவிடுமாம். சரி, நடக்கிறது. மறுக்கவில்லை. ஆனால் அறிஞர் வீட்டிலேயே இருந்துவிட்டால் கேமரா முன்னால் போட்ட அந்த நாற்காலி காலியாகவா கிடக்கும்?

2022-இல் நெட்ஃபிளிக்ஸில் ‘ஏன்சியண்ட் அபோகலிப்ஸ்’ தொடர் வந்தது. நடத்தியவர் கிரகாம் ஹான்காக், பத்திரிகையாளர். பனியுகத்தில் ஒரு நாகரிகம் இருந்து அழிந்தது என்பது அவர் கட்சி. சாட்சிக்கு இந்தோனேசியாவின் குனுங் பாடாங் குன்றைக் காட்டினார். அங்கே 25,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதர் கட்டினார்கள் என்று 2023-இல் ஆய்வுக் கட்டுரையே வந்துவிட்டது. எழுதியவர்களில் முக்கியமானவர் அந்தத் தொடரில் பேசிய நிலவியலாளர். 2024-இல் இதழே அதைத் திரும்பப் பெற்றது. ஏன்? காலம் கணித்தது மண்ணுக்கு. மண் பழசுதான் ஐயா, அதில் மனிதன் கைபட்ட தடயம் எங்கே? இந்தக் கேள்வியைக் கேமரா முன்னாலேயே ஒரு தொல்லியலாளர் கேட்டிருக்க வேண்டாமா? அமெரிக்கத் தொல்லியல் கழகம் தொடர் வந்த பிறகு, 2022-இலேயே நெட்ஃபிளிக்ஸுக்குக் கடிதம் எழுதியது, இதை அறிவியல் புனைவு என்று வகைப்படுத்துங்கள் என்று. தொடரை வீட்டுக்கு வீடு பார்த்தார்கள். கடிதத்தை நம் எதிரணி நண்பராவது படித்தாரா, கேளுங்கள்!

இப்போது இன்னொரு பக்கம். கி.பி. 79-இல் இத்தாலியில் வெசூவியஸ் எரிமலை வெடித்து, பொம்பெயி நகரத்தோடு புதைந்த ஊர் ஹெர்குலேனியம். அந்த ஊரைப் பற்றி 2013-இல் பிபிசி எடுத்த படத்தில் பேசியவர் ஆண்ட்ரூ வாலஸ்-ஹாட்ரில். பேச அழைக்கப்பட்ட விருந்தாளி அல்ல, அங்கே பாதுகாப்புத் திட்டத்தையே நடத்தியவர். அந்தத் திட்டத்தில் ஒரு குடியிருப்பின் கீழே இருந்த சாக்கடையைத் தோண்டி, 750 சாக்கு மலக்கழிவை அள்ளினார்கள். முகம் சுளிக்காதீர்கள்! அதில் மீன் முள், முட்டை ஓடு, அத்திப்பழ விதை, கடல் முள்ளெலி எல்லாம் கிடந்தன. மேலே குடியிருந்தவர்கள் கடைக்காரர்கள், சின்ன வீட்டுக்காரர்கள். மாளிகைக்காரன் விருந்தைத்தான் ரோமானிய எழுத்தாளர்கள் எழுதிவைத்தார்கள். கடைக்காரன் தட்டில் என்ன இருந்தது என்பதைச் சாக்கடைதான் சொன்னது. அதைச் சல்லடையில் சலித்தவர்கள் வாயால் கேட்பது மலிவா?

எடிட்டர் வெட்டுகிறார் என்றால் எடிட்டரோடு சண்டை போடுங்கள். ஒப்பந்தத்திலேயே இறுதி வடிவத்தைப் பார்க்கும் உரிமையைக் கேளுங்கள். மணி அடித்துவிட்டார்கள், முடிக்கிறேன். அடுத்து வரும் எதிரணி நண்பர், அறிஞர் எழுந்துபோன நாற்காலியில் யாரை உட்கார வைக்கப் போகிறார் என்பதைச் சொல்லிவிட்டுத் தொடங்கட்டும்.