கோந்தோர்சேயின் நிபந்தனை

நண்பர்களே, பிரெஞ்சு நாட்டுக் கணித மேதைகள் என்றதும் நாம் தெகார்த், பஸ்கால் பெயர்களோடு நிறுத்திக்கொள்கிறோம். கோந்தோர்சேயை மறந்துவிடுகிறோம். அது எனக்குப் பெரிய வருத்தம்.

1743இல் பிறந்தவர், பாரிஸ் அறிவியல் கழகத்தின் செயலாளராக இருந்தவர். பலர் கூடி வாக்களித்து எடுக்கும் முடிவை எவ்வளவு தூரம் நம்பலாம்? 1785இல் வந்த அவருடைய நூல் இந்தக் கேள்வியைக் கணக்காகப் போட்டுப் பார்த்தது.

ஒரு வழக்கை மூன்று பேர் விசாரிக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொருவரும் தனித்தனியே யோசித்து, 100க்கு 60 தடவை சரியாகச் சொல்லக்கூடியவர். இருவர் சொல்வதே தீர்ப்பு என்றால், அது ஏறக்குறைய 65 தடவை சரியாக இருக்கும். ஆள் கூடக்கூட உண்மையை இன்னும் நெருங்கலாம். சரி, இப்போது 60ஐ எடுத்துவிட்டு 40 என்று போடுங்கள். மூவர் தீர்ப்பு 35க்கு இறங்கிவிடும். ஆயிரம் பேர் சேர்ந்தால் அநேகமாக நிச்சயம் தவறும்! (அவர் பெயரில் வழங்கும் தேர்தல் முரண்பாடும் இதே நூலில்தான், அதற்கு இன்னொரு மாலை வேண்டும்.)

ஒவ்வொருவரும் பாதிக்கு மேல் சரியாகச் சொல்பவராக இருக்க வேண்டும் என்ற இந்த ஒரு நிபந்தனையை வைத்தே அந்த மனிதரைப் புரிந்துகொள்ளலாம் என்பது என் எண்ணம். வாக்கு மட்டும் போதாது, கல்வியும் வேண்டும். பெண்களுக்கும் குடியுரிமை வேண்டும் என்று 1790இலேயே எழுதியவர், 1792 ஏப்ரலில் ஆண், பெண் இருபாலருக்கும் இலவசக் கல்வித் திட்டத்தைச் சட்டசபையில் வாசித்தார். அன்றைக்கே ஆஸ்திரியாமீது போர் அறிவிப்பு. திட்டம் கிடப்பில் போனது.

அப்புறம் 1793, பிரெஞ்சுப் புரட்சிக் காலம். விசாரணைக்கு நின்ற மன்னர் பதினாறாம் லூயி குற்றவாளி என்றார், ஆனால் மரண தண்டனைக்கு வாக்களிக்க மறுத்தார். புதிய அரசியல் சாசனத்தைக் கண்டித்து எழுதியதும், ஜூலையில் கன்வென்ஷன் சபை (புரட்சிக்கால நாடாளுமன்றம்) அவரைக் கைது செய்ய உத்தரவிட்டது. மதாம் வெர்னே என்ற விதவை, தன் உயிருக்கே ஆபத்து என்று தெரிந்தும், வீட்டில் இடம் கொடுத்தார். அங்கே அவர் தன் தரப்பு நியாயத்தைத்தான் முதலில் எழுதத் தொடங்கினார். மனைவி சோஃபி சொன்னதன் பேரில் அதை ஓரம் வைத்துவிட்டு, மனித அறிவு வளர்ந்து வந்த வரலாற்றை எழுதினார்.

1794 மார்ச்சில் அந்த வீட்டைவிட்டு வெளியேறி, பிடிபட்டு, சிறையில் இறந்து கிடந்தார். வயது 50. மறு ஆண்டு அந்த நூல் அச்சானது. அவரைப் பிடிக்க உத்தரவிட்ட அதே சபை, அதில் 3,000 பிரதிகளை அரசுச் செலவில் வாங்க முடிவு செய்தது.