கதவு தட்டியவர்கள் வென்ற கவுன்சில்

அவைத் தலைவர் அவர்களே, பெரியோர்களே, நண்பர்களே, எல்லாருக்கும் வணக்கம்.

இங்கே இருப்பவர்களில் பெரும்பாலோர் கிழக்கு இங்கிலாந்தின் இப்ஸ்விச்சிலோ அதைச் சுற்றியுள்ள சஃபக் கிராமங்களிலோ குடியிருப்பவர்கள். மார்ட்டில்ஷம் ஹீத்தில் அடாஸ்ட்ரல் பார்க்கில் வேலை பார்ப்பவர்கள் இருக்கிறீர்கள், மருத்துவமனையில் இரவுப் பணி முடித்துவிட்டு நேராக இங்கே வந்தவர்களும் இருக்கிறீர்கள். நாடாளுமன்றத் தேர்தல் என்றால் நாம் விடிய விடிய டிவி பார்க்கிறோம். தமிழ்நாட்டுத் தேர்தல் என்றால் கேட்கவே வேண்டாம். ஆனால் மே மாதத்துக்கு முன்னால் கதவிலுள்ள தபால் துவாரம் வழியாக வந்து விழும் கவுன்சில் தேர்தல், அதாவது உள்ளாட்சித் தேர்தல், துண்டறிக்கையை மட்டும் பிரிக்காமலேயே மறுசுழற்சித் தொட்டியில் போட்டுவிடுகிறோம். அந்தத் துண்டறிக்கையைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன்.

மிட் சஃபக் நமக்குப் பக்கத்து டிஸ்ட்ரிக்ட். ஸ்டோமார்க்கெட், நீடம் மார்க்கெட், ஐ என்று மூன்று சிறு டவுன்கள். மற்றதெல்லாம் கோதுமை, பார்லி, சர்க்கரை பீட் விளையும் வயல்களும் நடுநடுவே கிராமங்களும். 2021 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 1,03,000 பேர். கவுன்சிலில் 34 இடங்கள். வகுத்துப் பார்த்தால் மூவாயிரம் பேருக்கு ஒரு கவுன்சிலர். இந்தக் கணக்கை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு இதற்குத் திரும்பி வர வேண்டியிருக்கிறது.

2023 மே 4 அன்று அங்கே தேர்தல் நடந்தது. மறுநாள் எண்ணி முடித்தபோது பசுமைக் கட்சிக்கு 24 இடங்கள், கன்சர்வேட்டிவ் கட்சிக்கு 6, லிபரல் டெமாக்ரட் கட்சிக்கு 4. பிரிட்டனில் எந்தக் கவுன்சிலிலும் பசுமைக் கட்சி தனிப் பெரும்பான்மை பெற்றது அதுவே முதல் முறை. பிரைட்டனில் அவர்கள் ஆட்சியில் இருந்திருக்கிறார்கள், ஆனால் அது சிறுபான்மை ஆட்சி. கடற்கரை நகரம், பல்கலைக்கழகம், இளைஞர் கூட்டம் எல்லாம் உள்ள பிரைட்டனில் கிடைக்காதது, டிராக்டர் ஓடும் கிராமங்களில் கிடைத்தது. லண்டன் பத்திரிகைகள் வியந்தன. உள்ளூரில் அவ்வளவு வியப்பு இல்லை. 2015-இல் அந்தக் கட்சிக்கு விரல்விட்டு எண்ணக்கூடிய இடங்கள்தான். 2019-இல் 12 இடங்கள். அந்த ஆண்டே கன்சர்வேட்டிவ் கட்சி 34-இல் 16-க்கு இறங்கிப் பெரும்பான்மையை இழந்துவிட்டது. ஆட்சி மட்டும் அவர்களிடமே தொடர்ந்தது. 2023 தீர்ப்பு ஒரே இரவில் அடித்த அலை இல்லை என்பதற்கு இந்த எண்களே சாட்சி.

எப்படி ஜெயித்தார்கள்? நாடு முழுவதும் அந்தக் கட்சி கடைப்பிடிக்கும் முறை ஒன்று இருக்கிறது. எல்லா வார்டிலும் கொஞ்சம் கொஞ்சம் உழைப்பதில்லை. ஒரு வார்டை எடுத்துக்கொண்டு, தேர்தல் இல்லாத ஆண்டுகளிலும் அங்கேயே உழைப்பார்கள். துண்டறிக்கை போடுவார்கள், கதவு தட்டுவார்கள், "உங்கள் தெருவில் என்ன குறை?" என்று கேட்டு எழுதிக்கொள்வார்கள், அடுத்த முறை வரும்போது அது என்ன ஆயிற்று என்று சொல்வார்கள். அந்த வார்டில் ஜெயித்த பிறகுதான் பக்கத்து வார்டு. நவம்பர் மாத மழையில், நாலு மணிக்கே இருட்டிவிடும் சஃபக் சந்துகளில், ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கு அரை மைல் நடந்து போய் கதவு தட்டுவது எவ்வளவு பெரிய உழைப்பு என்று நினைத்துப் பாருங்கள். இந்த வேலைக்குச் சம்பளம் கிடையாது. ஜெயித்து கவுன்சிலர் ஆனாலும் படி மட்டும்தான்.

செலவையும் சொல்ல வேண்டும். இந்தத் தேர்தலில் நிற்க டெபாசிட் தொகை கிடையாது. முன்மொழிய ஒருவர், வழிமொழிய ஒருவர், அந்த இரண்டு கையெழுத்து போதும். ஒரு வேட்பாளர் செலவழிக்கக்கூடிய உச்சவரம்பு 2023-இல் 806 பவுண்டு, அதற்கு மேல் வாக்காளர் ஒருவருக்கு 7 பென்ஸ். சிறிய கிராம வார்டில் எல்லாம் சேர்த்து ஆயிரம் பவுண்டு அளவில் நின்றுவிடும். பணக்காரர் தன் பணத்தைக் காட்டி ஜெயிக்க அங்கே வழியே இல்லை. கால் வலிக்க நடந்தவருக்குத்தான் வாய்ப்பு. இந்த ஏற்பாட்டை நான் மனதாரப் போற்றுகிறேன்.

சரி, மக்கள் எதற்காக வாக்களித்தார்கள்? பருவநிலை மாற்றத்துக்காக மட்டும் என்று சொன்னால் அது முழு உண்மை ஆகாது. பிரதமர் போரிஸ் ஜான்சன் காலத்தில் கொரோனா கட்டுப்பாடுகளுக்கு நடுவே நடந்த விருந்துகள், அடுத்து வந்த லிஸ் டிரஸ் ஆட்சியில் ஏறிய வீட்டுக்கடன் வட்டி, ஆறுகளில் கழிவுநீர் கலப்பது என்று கோபம் பல பக்கம் இருந்தது. ஆனால் கிராமத்து வாசற்படிகளில் அதிகம் பேசப்பட்டது வீடு கட்டும் விவகாரம். தர்ஸ்டன், எல்ம்ஸ்வெல், வுல்பிட் போன்ற ஊர்களின் ஓரத்து வயல்களில் அடுத்தடுத்துப் புது மனைத் திட்டங்கள் வந்தன. வீடு வருகிறது, டாக்டர் வரவில்லை, பள்ளியில் இடம் இல்லை, பஸ் இல்லை. தர்ஸ்டன் ரயில் நிலையத்தில் ஒரு நடைமேடையிலிருந்து மறு நடைமேடைக்குத் தண்டவாளத்தைக் குறுக்கே நடந்துதான் கடக்க வேண்டும். ஊர் இரு மடங்கானால் அங்கே என்ன ஆகும் என்று மக்கள் கேட்டார்கள். நியாயமான கேள்வி.

இங்கே கொஞ்சம் நின்று நம்மைப் பற்றியும் யோசிக்க வேண்டும். அப்படி வயலில் எழுந்த வீடுகளில்தான் நம்மில் பலர் குடியிருக்கிறோம். வீடு வேண்டாம் என்று சொன்ன பழைய குடிமக்களும் தவறில்லை, வீடு தேடி வந்த நாமும் தவறில்லை. இரண்டு பேருமே அந்தக் கவுன்சில் அறைக்குள் இருக்க வேண்டும் என்பதுதான் என் கருத்து. இப்போது ஒரு தரப்பு மட்டும் பேசுகிறது. அவர்கள் கூட்டத்துக்குப் போகிறார்கள், ஆட்சேபக் கடிதம் எழுதுகிறார்கள், வாக்களிக்கிறார்கள். நாம் இன்னும் போகவில்லை. மே மாதத்துக் கவுன்சில் தேர்தல்களில் இங்கிலாந்தில் பொதுவாக மூன்றில் ஒரு பங்கு மக்களே வாக்களிக்கிறார்கள்; நம்மவர்கள் அதையும்விடக் குறைவோ என்று எனக்குக் கவலை.

டிஸ்ட்ரிக்ட் கவுன்சில் என்ன செய்யும், என்ன செய்யாது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். குப்பை எடுப்பது, வீடு கட்ட பிளானிங் அனுமதி கொடுப்பது, கவுன்சில் வீடுகள், உணவகங்களின் சுகாதாரச் சோதனை, கவுன்சில் டாக்ஸ் வசூல், தேர்தல் நடத்துவது இவையெல்லாம் டிஸ்ட்ரிக்ட் கையில். பள்ளி, சாலை, முதியோர் பராமரிப்பு, நூலகம் இவை அதற்கு மேலடுக்கான கவுண்டி கவுன்சில் கையில். அதனால்தான் நாம் கட்டும் கவுன்சில் டாக்ஸை வசூலிப்பது டிஸ்ட்ரிக்ட் என்றாலும் பெரும்பகுதி கவுண்டிக்குப் போகிறது. சாலையில் பள்ளம் என்று டிஸ்ட்ரிக்ட் கவுன்சிலரிடம் போனால் அவர் கவுண்டிக்கு எழுதத்தான் முடியும்.

பிளானிங்கிலும் அதிகாரம் முழுமையானது இல்லை. கவுன்சில் மறுத்தால், கட்டுமான நிறுவனம் பிரிஸ்டலில் உள்ள பிளானிங் இன்ஸ்பெக்டரேட் என்ற அரசு அமைப்புக்கு மேல்முறையீடு போகலாம். நார்விச்சிலிருந்து டில்பரி வரை சுமார் 180 கிலோமீட்டருக்கு உயர் அழுத்த மின்கம்பிகளைக் கோபுரங்களில் கொண்டுபோகும் திட்டம் மிட் சஃபக் வயல்கள் வழியாகத்தான் வருகிறது. அதில் கவுன்சில் கருத்துச் சொல்லலாம், ஆட்சேபிக்கலாம். முடிவு மத்திய அமைச்சருடையது. பசுமைக் கட்சிக்கு அங்கே உண்மையான நெருக்கடி இருக்கிறது. கடலில் கிடைக்கும் காற்று மின்சாரம் வேண்டும் என்பது அவர்கள் கொள்கை; ஆனால் அதைக் கரைசேர்க்கும் கோபுரம் ஊருக்குள் வேண்டாம் என்று சொன்ன மக்களின் வாக்கையும் வாங்கியிருக்கிறார்கள். 2023-இல் கவுன்சில் தலைவரான ஆண்டி மெல்லனின் குழுவுக்கு இது எளிதான பாதையாக இருந்திருக்க முடியாது. ஆனாலும் மக்கள் கைவிட்டுவிடவில்லை. 2024 ஜூலையில், மிட் சஃபக்கின் ஒரு பகுதியும் அடங்கிய வேவனி வேலி நாடாளுமன்றத் தொகுதியில் அதே கட்சியின் ஏட்ரியன் ராம்சே ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தார். கவுன்சிலில் போட்ட அடித்தளம்தான் அது.

ஒரு வாக்குக்கு என்ன மதிப்பு என்று கேட்பவர்களுக்கு வட இங்கிலாந்திலுள்ள நார்தம்பர்லாந்தின் கதையைச் சொல்வேன். 2017-இல் அங்கே கவுண்டி கவுன்சில் தேர்தல். 67 இடங்களில் கன்சர்வேட்டிவ் கட்சி 33-இல் வந்து நின்றது. இன்னும் ஒன்று கிடைத்தால் பெரும்பான்மை. மீதி இருந்தது சவுத் பிளைத் வார்டு. எண்ணினார்கள், கன்சர்வேட்டிவ், லிபரல் டெமாக்ரட் வேட்பாளர்கள் இருவருக்கும் சமம். மறுபடி எண்ணினார்கள், அப்போதும் சமம். சட்டப்படி இனிக் குலுக்கல்தான். இருவரும் குச்சி எடுத்தார்கள். லிபரல் டெமாக்ரட் வேட்பாளர் ஜெயித்தார், பெரும்பான்மை கைநழுவியது. அந்த வார்டில் வீட்டிலேயே இருந்துவிட்ட யாரோ ஒருவர், பூங்காவுக்குப் போகிற வழியில் வாக்குச்சாவடிக்குள் எட்டிப் பார்த்திருந்தால் குலுக்கலே தேவைப்பட்டிருக்காது, ஒரு கவுண்டியின் பெரும்பான்மையே அவர் கையில் இருந்திருக்கும்.

இப்போது மூவாயிரம் பேருக்கு ஒரு கவுன்சிலர் என்ற கணக்குக்கு வருகிறேன். 2024 டிசம்பரில் அரசாங்கம் ஒரு வெள்ளை அறிக்கை வெளியிட்டது. டிஸ்ட்ரிக்ட், கவுண்டி என்ற இரண்டு அடுக்கையும் கலைத்துவிட்டு, ஏறத்தாழ ஐந்து லட்சம் பேருக்கு ஒன்று என்று பெரிய கவுன்சில்களாக மாற்றுவது அதன் நோக்கம். சஃபக்கை முன்வரிசையில் சேர்த்தார்கள். அதற்காகவே 2025 மே மாதம் நடக்கவேண்டிய கவுண்டி தேர்தலையும் தள்ளிவைத்தார்கள். சஃபக் முழுவதற்கும் ஒரே கவுன்சில் போதும் என்றது கவுண்டி. மூன்றாக வையுங்கள் என்று டிஸ்ட்ரிக்ட் கவுன்சில்கள் கேட்டன.

செலவு குறையும் என்கிறார்கள், குறையலாம். எந்த வேலைக்கு எந்த அலுவலகம் என்ற குழப்பமும் தீரும், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் மிட் சஃபக்கில் கதவு தட்டி ஜெயித்தார்களே, அது ஒருவர் தன் காலால் நடந்து முடிக்கக்கூடிய வார்டு இருந்ததால் நடந்தது. வார்டு பெரிதாகப் பெரிதாக நடப்பவருக்குப் பதில் தபால் செலவுக்குப் பணம் உள்ளவர் முன்னால் வருவார். தலைமைக் கட்சி அலுவலகம் கைகாட்டியவர் வருவார். ஊரில் யாருக்கும் முகம் தெரியாத ஒருவர் நம் வீட்டுக்குப் பின்னால் என்ன கட்டலாம் என்று முடிவு செய்வார். இதை நான் எதிர்க்கிறேன். எந்த அமைப்பு வந்தாலும் கவுன்சிலர் எண்ணிக்கையைக் குறைக்காதீர்கள் என்று கேட்க வேண்டும், கருத்துக் கேட்பு வரும்போதெல்லாம் நாமும் எழுத வேண்டும்.

கடைசியாக, நம்மில் பலருக்கு இருக்கும் ஒரு தவறான எண்ணம். பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வாங்கினால்தான் இங்கே வாக்கு என்று நினைக்கிறோம். இல்லை. இந்தியாவும் இலங்கையும் காமன்வெல்த் நாடுகள். முறையான விசாவோடு இங்கே குடியிருக்கும் இந்தியக் குடிமகனுக்கும் இலங்கைக் குடிமகனுக்கும் வாக்குரிமை உண்டு, மாணவர்களுக்கும் உண்டு. நிரந்தரக் குடியிருப்பு அனுமதி இருந்தால் கவுன்சில் தேர்தலில் நிற்கவும் செய்யலாம். 2023-இலிருந்து சாவடியில் புகைப்பட அடையாளம் காட்ட வேண்டும். அது இல்லாததால் அந்த ஆண்டு சுமார் 14,000 பேர் வாக்களிக்க முடியாமல் திரும்பிப் போனார்கள் என்று தேர்தல் ஆணையம் சொன்னது. நம் இந்திய, இலங்கை பாஸ்போர்ட்டே அங்கே செல்லும். காலாவதி ஆகியிருந்தாலும் படத்தில் உங்கள் முகம் அடையாளம் தெரிந்தால் போதும். எந்த அடையாள அட்டையும் இல்லாதவர்களுக்கு கவுன்சிலே இலவசமாகச் சான்றிதழ் தரும்.

பதிவு மட்டும் முன்கூட்டியே செய்ய வேண்டும். வாக்குப்பதிவு நாளுக்கு 12 வேலை நாட்களுக்கு முன்னால் பதிவு முடிந்துவிடும். ஆன்லைனில் ஐந்து நிமிட வேலை. தேநீர் இடைவேளையில் பின்பக்க மேசையில் லேப்டாப்போடு நம் இளைஞர்கள் உட்கார்ந்திருப்பார்கள், நானும் அங்கே இருப்பேன். நேஷனல் இன்சூரன்ஸ் எண்ணை மட்டும் கையில் வைத்துக்கொண்டு வாருங்கள். நன்றி, வணக்கம்.