பையிலிருந்து எடுத்த காயைத் திரும்பப் போடாவிட்டால்?

[திரையில்: துணிப்பை, கேரம் காய்கள்]

வணக்கம். ஒரு செட் கேரம் காய்களை எடுத்துக்கொள்வோம். வெள்ளை 9, கறுப்பு 9, சிவப்பு 1, மொத்தம் 19. எல்லாவற்றையும் இந்தத் துணிப்பைக்குள் போட்டு நன்றாகக் குலுக்குகிறேன். பார்க்காமல் ஒரு காய் எடுத்தால் அது வெள்ளையாக இருக்க நிகழ்தகவு 9/19. இதில் யாருக்கும் சந்தேகம் இருக்காது.

எடுத்துவிட்டேன். வெள்ளை. அதைத் திரும்பப் போடாமல் மேசைமேல் வைக்கிறேன். இப்போது பைக்குள் இருப்பவை 18. அவற்றில் வெள்ளை 8. அடுத்ததும் வெள்ளையாக இருக்க நிகழ்தகவு 8/18, சுருக்கினால் 4/9. முதல் காய் வெள்ளை என்ற தகவலை வைத்துக்கொண்டு கணக்கிடுவதால் இது நிபந்தனை நிகழ்தகவு. முதலில் வந்தது கறுப்போ சிவப்போ என்றால் ஒன்பது வெள்ளையும் பைக்குள்ளேயே இருக்கும்: 9/18, சரிபாதி.

பாடப்புத்தகக் கணக்குகள் பெரும்பாலும் இங்கே நின்றுவிடுகின்றன. உண்மையில் இங்கிருந்துதான் கணக்கு சூடுபிடிக்கிறது.

[திரையில்: சட்டைப்பைக்குள் போகும் காய், நிறம் தெரியவில்லை]

மறுபடியும் 19 காய்களோடு தொடங்குவோம். முதல் காயின் நிறத்தைப் பார்க்காமலேயே அதைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொள்கிறேன். இரண்டாவது காய் வெள்ளையாக இருக்க நிகழ்தகவு என்ன? 4/9-ஆ, பாதியா? வீடியோவை நிறுத்திவிட்டு நீங்களே போட்டுப் பாருங்கள்.

[திரையில்: 9/19 × 8/18 = 4/19
10/19 × 9/18 = 5/19]

இரண்டு வழிகள் உண்டு. வெள்ளைக்குப் பின் வெள்ளை வருவது 4/19. வேறு நிறத்துக்குப் பின் வெள்ளை வருவது 5/19. கூட்டினால் 9/19. முதல் காய்க்கு இருந்த அதே எண்! ஒரு காய் பையை விட்டு வெளியேறியும், அதன் நிறம் நமக்குத் தெரியாதவரை நிகழ்தகவு அசையவில்லை.

சீட்டுக் குலுக்கிப் போடும்போது முதலில் எடுக்க முண்டியடிப்பவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டும். 19 பேர் ஆளுக்கொரு காய் எடுக்கிறார்கள், சிவப்பு கிடைத்தவருக்குப் பரிசு என்று வைத்துக்கொள்வோம். முதல் ஆளுக்கு 1/19. இரண்டாம் ஆளுக்கு 18/19 × 1/18, அதுவும் 1/19. கடைசி ஆள்வரை இதே கதைதான். எடுத்ததை உடனுக்குடன் காட்டினால் காத்திருப்பவர்களின் நிகழ்தகவு ஏறும், அல்லது ஒரேயடியாகப் பூஜ்யமாகும். ஆனால் குலுக்கல் தொடங்கும் முன் எல்லோருக்கும் சம வாய்ப்புதான்.

இப்போது எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. முதல் காய் இன்னும் சட்டைப்பையில் இருக்கிறது. இரண்டாவதை எடுத்துப் பார்க்கிறேன்: வெள்ளை. சட்டைப்பையில் இருப்பதும் வெள்ளையாக இருக்க நிகழ்தகவு என்ன?

"முதல் காய் எப்போதோ எடுத்தாகிவிட்டது. பின்னால் வந்த காய் அதை எப்படி மாற்றும்?" என்று பலர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. காயின் நிறம் மாறாது. அதைப் பற்றி நமக்குத் தெரிந்தது மாறிவிட்டது. என் கையில் உள்ள வெள்ளைக் காய் சட்டைப்பையில் இருக்க முடியாது. மீதி 18 காய்களில் ஒன்றுதான் அங்கே இருக்கிறது, அந்தப் பதினெட்டில் வெள்ளை 8. விடை 4/9. நிபந்தனை நிகழ்தகவு வாய்பாட்டின்படி, இரண்டும் வெள்ளையாக இருக்கும் 4/19-ஐ இரண்டாவது வெள்ளையாக இருக்கும் 9/19-ஆல் வகுத்தாலும் இதுவே வரும். எது முன், எது பின் என்பதைப் பற்றி வாய்பாட்டுக்குக் கவலையே இல்லை.

[திரையில்: மூடிய இரண்டு கைகள்]

கடைசியாக ஒன்று. நண்பர் பையிலிருந்து வலது கையில் ஒன்று, இடது கையில் ஒன்று என இரண்டு காய்களை எடுத்து மூடிக்கொள்கிறார். "வலது கையில் வெள்ளையா?" என்று கேட்கிறோம். "ஆமாம்" என்றால் இரண்டும் வெள்ளையாக இருக்க நிகழ்தகவு நமக்குப் பழக்கமான 4/9.

அப்படிக் கேட்காமல், "இரண்டில் ஒன்றாவது வெள்ளையா?" என்று கேட்டு, "ஆமாம்" என்ற பதில் வந்தால்? எடுக்கும் வழிகள் மொத்தம் 19 × 18 = 342. வெள்ளையே இல்லாதவை 10 × 9 = 90; அவற்றைத் தள்ளினால் மிஞ்சுபவை 252. இரண்டும் வெள்ளையாக இருப்பவை 9 × 8 = 72. 72/252 என்பது 2/7. முன்னதைவிட நன்றாகவே குறைவு. ஏனென்றால் இடது கையில் மட்டும் வெள்ளை இருக்கும் 90 வழிகளை முதல் கேள்வி வடிகட்டிவிடுகிறது. இரண்டாவது கேள்வி அவற்றையும் உள்ளே விட்டுவிடுகிறது.